ஜாம் பாட்டில் மண்

பெங்குயின், டாஸ்மேனியா
19 ஏப்ரல் 2020

அன்புள்ள டேரன்,

நானும் பிப்பும் சுகம். கோழிதான் முட்டையிடுவதை நிறுத்திவிட்டது. அதற்கும் ஊரடங்கு போலிருக்கிறது. உன் முதுகு எப்படி இருக்கிறது?

ஞாயிறுதோறும் போனில் பேசுகிறோமே, இதென்ன புதிதாகக் கடிதம் என்று கேட்பாய். எல்லாம் உன் மகளின் உத்தரவு. பள்ளியிலிருந்து வந்த வீட்டுப்பாடத்தில் ஒன்று, இந்த நோய்க்காலத்தை ஒரு பெட்டியில் போட்டு மூடிவைப்பது. அக்டோபர் மூன்றாம் தேதி, அவளுடைய பத்தாவது பிறந்தநாளில் மூட வேண்டும். 2045இல் அவளுக்கு முப்பத்தைந்து வயதாகும்போது திறக்க வேண்டும். "போன்ல பேசுறதப் பெட்டிக்குள்ள போட முடியாதும்மா. ரெண்டு பேரும் எழுதுங்க. பொய் எழுதக் கூடாது" என்கிறாள். ஆகவே நான் எழுதுவதையெல்லாம் பத்திரமாக வைத்திரு. வரும்போது கொண்டு வர வேண்டும்.

பெட்டி எது தெரியுமா? உன் மீன்பிடிப் பெட்டி. தூண்டில் முள்ளையெல்லாம் காபி டப்பாவில் கொட்டிவிட்டேன். கத்தாதே.

இதுவரை உள்ளே போனது, எங்கள் கடையில் நான் ஒட்டிய 'ஆளுக்கு ஒரு கட்டு கழிப்பறைத் தாள்' அறிவிப்பும் பக்கத்து வீட்டுக் கொலீனின் படமும். வேறெங்கும் போக முடியாததால் இங்கே எல்லாரும் குப்பைத்தொட்டியைத் தெருவுக்குத் தள்ளிக்கொண்டு போகவாவது அலங்கரித்துக்கொள்கிறார்கள். கொலீன் தன் கல்யாண கவுனைப் போட்டுக்கொண்டு போனாள். அறுபத்தெட்டு வயதில் முதுகுப் பக்கம் மூடவில்லை, துணி மாட்டும் கிளிப்பால் பிடித்திருந்தாள்.

உன்னிடம் பிப் கேட்பது ஒன்றுதான். சுரங்கத்துச் சிவப்பு மண், ஒரு ஜாம் பாட்டில் நிறைய.

"மேற்கு ஆஸ்திரேலியாவிலேயே தங்கினால் வேலை உண்டு, ஊருக்குப் போனால் வீட்டிலேயே இருந்துகொள்" என்று கம்பெனி சொன்னபோது, "போயிட்டு வா, ரெண்டு மாசந்தானே" என்று சமையலறையில் நின்று சொன்னவள் நான். அதற்குப் பிறகு எல்லையை மூடிவிட்டார்கள். இரண்டு மாதம்தானே, டேரன்?

உன் ட்ரூடி

---

சுரங்க முகாம், நியூமன் அருகில்
3 மே 2020

அன்புள்ள ட்ரூடி, பிப்,

இங்கே நான் நலம். முதுகும் நலம். என் தூண்டில் முட்கள்தான் நலமில்லை என்று கேள்விப்பட்டேன்.

பெட்டிக்காக எழுதுகிறேன். காலை சாப்பாட்டுக் கூடத்துக்குள் நுழையும்போது நெற்றிக்குத் துப்பாக்கி மாதிரி ஒன்றை நீட்டிக் காய்ச்சல் பார்க்கிறார்கள். மேஜைக்கு ஒருவர்தான் உட்காரலாம். இருநூறு பேர் ஒரே பக்கம் பார்த்து உட்கார்ந்து சாப்பிடுகிறோம், பரீட்சை எழுதுவது போல. என் நண்பன் நெவ் அடுத்த மேஜையிலிருந்து, "டேய், மூணாவது கேள்விக்கு விடை என்னடா?" என்று கத்துவான்.

போர்வீரர் நினைவு நாளன்று கூட்டம் கூடாது என்றார்கள். விடியலில் அவரவர் தகர அறை வாசலில் நின்றோம். யாரோ ஒருவன் வாத்தியம் ஊதினான், பாதிக்கு மேல் தப்பு. ஆனால் வரிசை வரிசையாக அத்தனை பேர் அசையாமல் நின்றார்கள்.

பிப், என் லாரி நம் வீட்டைவிட உயரம். ஏணி வைத்துத்தான் ஏறுகிறேன். சக்கரம் ஒன்றே என்னைப்போல் இரண்டு ஆள் உயரம். மண் கட்டாயம் அனுப்புகிறேன். இந்தத் தாளில் விழுந்திருக்கும் சிவப்புப் பெருவிரல் ரேகை என்னுடையதுதான். எவ்வளவு கழுவினாலும் போக மாட்டேன் என்கிறது.

விறகு போதுமா, ட்ரூடி? கூரைத் தண்ணீர்க் குழாயில் இலை அடைத்திருக்கும், பார். சீக்கிரம் வந்துவிடுவேன்.

டேரன்

---

பெங்குயின்
24 மே 2020

அன்புள்ள அப்பா,

நான் நலம். நாளை பள்ளி திறக்கிறது. ஜன்னலில் நம் கரடி பொம்மைக்கு உன் ஆரஞ்சு வேலைச் சட்டையைப் போட்டிருக்கிறோம். தெருவில் போகிற சின்னப் பிள்ளைகள் வீட்டுக்கு வீடு ஜன்னலில் வைத்திருக்கும் கரடிகளை எண்ணுகிறார்கள். நம்முடையது பதினேழாவது கரடி.

கடலோரத்துப் பெங்குயின் சிலைக்கு யாரோ முகக்கவசம் மாட்டினார்கள். ஒரே காற்றில் போய்விட்டது.

டீச்சர் கொடுத்த தாளை இத்துடன் வைத்திருக்கிறேன். 'இந்த நாட்களில் எனக்கு எதற்குப் பயம்?' என்று குடும்பத்தில் எல்லாரும் எழுத வேண்டும். நான் எழுதியது: 'எனக்குப் பயமே கிடையாது. என் அப்பா உலகத்திலேயே பெரிய லாரியை ஓட்டுகிறார். அவருக்கும் பயமே கிடையாது.' அம்மா எழுதியது: 'கடையில் ரொட்டி அடுப்பு கெட்டுப்போகுமோ என்று.' கீழே உனக்கு இடம் இருக்கிறது. எழுதித் திருப்பி அனுப்பு.

மண் எங்கே?

பிப்

டேரன், கூரையேறிக் குழாயிலிருந்த இலையை எடுத்துவிட்டேன். கொலீன் ஏணியைப் பிடித்துக்கொண்டு, "விழுந்துடாதடி, ஆஸ்பத்திரிப் பக்கமே போக முடியாது" என்று ஜபம் மாதிரிச் சொல்லிக்கொண்டே இருந்தாள். எப்போது வருகிறாய் என்று தேதி போட்டு எழுது. — ட்ரூ.

---

28 ஜூன் 2020

அன்புள்ள இருவருக்கும்,

சுகம். வேலை அதிகம். அதனால்தான் தாமதம், மன்னிக்கவும்.

தாளை நிரப்பி அனுப்பியிருக்கிறேன். எனக்குப் பயம்: பாம்பு.

போனில் கேமரா கெட்டுவிட்டது, சரிசெய்ய இங்கே ஆள் இல்லை. குளிர் எப்படி இருக்கிறது? பிப் கம்பளிக் காலுறை போடுகிறாளா?

தேதி இன்னும் தெரியவில்லை.

டேரன்

---

பெங்குயின்
12 ஜூலை 2020

(இது பெட்டிக்கு அல்ல)

டேரன்,

உடம்புக்கு ஏதாவதா? முதலில் அதைச் சொல்.

ஐந்து வாரம் காத்திருந்து எட்டு வரி வந்தது. தாளை விளக்கடியில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். சுத்தமாக இருந்தது. உன் சாப்பாட்டு டப்பா, பர்ஸ், காதுமடல் என்று இந்த ஏழு வருஷத்தில் நீ சுரங்கத்திலிருந்து கொண்டு வந்த எதிலும் அந்தச் சிவப்பு இல்லாமல் நான் பார்த்ததே இல்லை. மேலே முகாம் முகவரியும் போடவில்லை. போன ஞாயிறு பேசும்போது உன் பின்னால் ஒரு நாய் குரைத்தது. முகாமில் ஏது நாய்?

"என்ன சத்தம்?" என்றதற்கு, "யாரோ படம் பாக்குறாங்க" என்றாய்.

இன்னொரு செய்தி. ஆகஸ்ட் ஏழு முதல் மேற்கிலிருந்து வருகிறவர்களைத் தனிமைப்படுத்தல் இல்லாமலே உள்ளே விடப்போகிறார்களாம். கொலீன் மருமகன் டிக்கெட் போட்டாயிற்று. நீயும் போட்டிருப்பாய் என்று பிப் காலண்டரில் வட்டம் போட்டிருக்கிறாள்.

ட்ரூடி

---

2 ஆகஸ்ட் 2020

அன்புள்ள ட்ரூடி,

எல்லாரும் நலம் என்று நம்புகிறேன். எனக்கு ஒன்றுமில்லை. களைப்புதான்.

ஏழாம் தேதி வர முடியாது. இப்போது வெளியே போனால் திரும்ப உள்ளே விட மாட்டார்கள், வேலை போய்விடும். பிப்பிடம் பக்குவமாகச் சொல்.

மண்ணைத் தனிப் பார்சலாக அனுப்பியிருக்கிறேன். பாட்டில் நிறைய. மூடியைச் சுற்றி டேப் ஒட்டியிருக்கிறேன். அவள் கையில் கொடுக்கும்போது நீயும் பக்கத்தில் இரு.

டேரன்

---

பெங்குயின்
19 ஆகஸ்ட் 2020

டேரன்,

நலம் விசாரிக்கிற நிலையில் நான் இல்லை.

மண் வரவில்லை. அதற்குப் பதில் ஒரு காகிதம் வந்தது. தீவுக்குள் வெளி மண்ணைக் கொண்டுவரக் கூடாது என்பதால் பார்சலைப் பிரித்துப் பாட்டிலை எடுத்து அழித்துவிட்டார்களாம். நீ இந்த ஊரில் பிறந்தவன். விமான நிலையத்தில் பையில் கிடக்கும் ஒரு ஆப்பிளைக்கூட நாய் வைத்துப் பிடிக்கிற ஊர் இது. சின்ன வயதில் உன் ஆரஞ்சுப் பழத்தை அந்த நாய் பிடித்த கதையை நீயே ஆயிரம் தடவை சொல்லியிருக்கிறாய். எப்படி மறந்தாய்?

அது போகட்டும். அந்தக் காகிதத்தில் அனுப்புநர் முகவரியை அச்சடித்திருக்கிறார்கள். முகாம் இல்லை. ராக்கிங்ஹாமில் நெவ் வீட்டு முகவரி, 'பின்பக்கக் காரவான்' என்று.

நெவ் மனைவிக்குப் போன் செய்தேன். "ஜூன்லேர்ந்து இங்கதான் இருக்கார் ட்ரூடி. உங்களுக்குத் தெரியும்னுல்ல நெனச்சேன்" என்றாள். தெரியும் என்பது போலவே பேசிவிட்டு வைத்தேன். பிறகு கோழிக்கூண்டுக்குப் பின்னால் போய் நின்று அழுதேன்.

உனக்குப் போன் செய்யவில்லை. செய்தால், "ஒண்ணுமில்ல ட்ரூ" என்பாய், நானும் சரி என்பேன். எழுது. வேறு யாராவது இருக்கிறார்களா? பெரிய நோயா? எங்களைப் பார்க்கவே பிடிக்கவில்லையா? எதுவானாலும் எழுது.

நானும் ஒரு பொய் எழுதியிருக்கிறேன். எந்த ரொட்டி அடுப்புக்கும் நான் பயப்படவில்லை. "போயிட்டு வா" என்று நான் சொன்னதால் நீ திரும்பி வராமலே போய்விடுவாயோ என்றுதான் ஏப்ரல் முதல் பயப்படுகிறேன்.

ட்ரூடி

---

ராக்கிங்ஹாம், மேற்கு ஆஸ்திரேலியா
27 ஆகஸ்ட் 2020

ட்ரூடி,

வேறு யாரும் இல்லை. அதை முதலில் எழுதிவிடுகிறேன்.

மே 29, வெள்ளிக்கிழமை, காலை பத்து மணி. குழியிலிருந்து முழுப் பாரத்தோடு மேடேறிக்கொண்டிருந்தேன். பாதியில் நிறுத்தினேன். ஏன் நிறுத்தினேன் என்று இன்றுவரை தெரியாது. பிரேக்கிலிருந்து காலை எடுக்க முடியவில்லை. கால் என்னுடையதாகவே இல்லை. இந்த மேட்டில் ஏறினால் பிப்பை இனிப் பார்க்கவே மாட்டேன் என்று தோன்றியது. எந்த அர்த்தமும் இல்லாத எண்ணம், ஆனால் நெஞ்சுக்குள் கல்லாக நின்றது. நாற்பது நிமிஷம். பின்னால் ஏழு லாரி.

கடைசியில் மேற்பார்வை பார்க்கிற ஜோ என்ற பெண் ஏணியில் ஏறி வந்து, பக்கத்து இருக்கையில் உட்கார்ந்தாள். "எறங்கலாம் டேரன். இப்ப வேணாம்னா அப்பறம். எனக்கொண்ணும் அவசரமில்ல" என்றாள். அப்போது அழுதேன். என் அப்பா செத்தபோதுகூட நான் அப்படி அழவில்லை.

அன்றே முகாமிலிருந்து அனுப்பிவிட்டார்கள். மருத்துவ விடுப்பு. வாரம் ஒரு முறை டாக்டர். நெவ் வீட்டுப் பின்பக்கம் நிற்கிற காரவான் வண்டியில் படுத்துக் கிடக்கிறேன். நீ முகாமுக்கு எழுதுவதை அவன்தான் வேலைச்சுற்று முடிந்து வரும்போது கொண்டு வருவான். நாய் அவனுடையது.

நான் வந்த மறுவாரம் அவன் கொண்டு வந்து கொடுத்தது பிப்பின் தாள். 'அவருக்கும் பயமே கிடையாது.' ட்ரூடி, அதைப் படித்த பிறகு எந்த முகத்தோடு அந்த வாசலில் வந்து நிற்பது? இரண்டு முறை டிக்கெட் போட்டேன். ஒரு முறை விமான நிலையம்வரை போய், பையைப் போடுகிற இடத்தில் கால் மறுபடி அதேபோல நின்றுவிட்டது. திரும்பி வந்துவிட்டேன்.

மண் மட்டும் பொய் இல்லை. அவளுக்கு எப்படியும் சுரங்கத்து மண் போக வேண்டும் என்று, நெவ்வின் வண்டி மிதியடிகளைப் போர்வையில் உதறி, எங்கள் இருவர் பூட்ஸ் பள்ளத்தையும் கரண்டியால் சுரண்டி, இரண்டு நாள் சேர்த்தேன். அது ஒன்றுதான் நான் உருப்படியாகச் செய்த வேலை. அந்தச் சந்தோஷத்தில் நம் ஊர்ச் சட்டமே மறந்துபோயிற்று. தபால் நிலையத்தில், "அனுப்புறவங்க முகவரி இல்லாம எடுக்க மாட்டோம்" என்று அந்த அம்மா நின்றுவிட்டாள். எழுதிக் கொடுத்தேன். கண்டுபிடித்துவிடு என்றுதான் எழுதினேனோ என்னவோ.

பிப்பிடம் சொல்லாதே.

டேரன்

---

பெங்குயின்
6 செப்டம்பர் 2020

அன்புள்ள டேரன்,

ஒழுங்காகச் சாப்பிடுகிறாயா? தூங்குகிறாயா?

பிப்பிடம் சொல்லிவிட்டேன். கோபித்துக்கொள். உன் கடிதத்தை மூன்று நாள் மேலங்கிக்குள் வைத்துக்கொண்டு திரிந்தேன். நான்காம் நாள் அவள் மீன்பிடிப் பெட்டியைத் திறந்துவைத்துக்கொண்டு, "அப்பா நம்மள விட்டுட்டுப் போயிட்டாருன்னு பெட்டில எழுதணுமாம்மா?" என்று கேட்டாள். அவ்வளவு சாதாரணமாகக் கேட்டாள். எத்தனை நாளாக அதை உள்ளுக்குள் வைத்திருந்தாளோ. அதற்கு மேல் என்னால் முடியவில்லை. முழுக் கடிதத்தையும் வாசித்துக் காட்டினேன்.

அழுவாள் என்று பார்த்தேன். கொஞ்ச நேரம் தூண்டில் மிதப்பு ஒன்றை உருட்டிக்கொண்டிருந்தாள். பிறகு கேட்ட கேள்விகளை அப்படியே எழுதுகிறேன்.

"பின்னாடி நின்ன ஏழு லாரில யாராச்சும் ஹாரன் அடிச்சாங்களா?"

"அந்த ஜோ அக்கா நல்லவங்களா?"

"நெவ் மாமா நாய் பேரென்ன?"

மூன்றுக்கும் பதில் எழுது.

நான் வந்து உன்னைக் கூட்டி வர முடியாது. என்னை மேற்குக்குள் விட மாட்டார்கள். ஆகவே இதைக் கேள். மொத்தப் பயணத்தையும் நினைக்காதே. நெவ்வைக் கூட வரச் சொல். பையைப் போடும் இடம்வரை மட்டும் போ. முடிந்தால் அடுத்த கதவு. நடுவில் முடியாமல் திரும்பினால் திரும்பு, இன்னொரு நாள் பார்ப்போம். இந்தப் பக்கம் லான்செஸ்டனில் நாங்கள் நிற்போம். நீ வராவிட்டால் மறுபடியும் வந்து நிற்போம். எங்களுக்கும் வேறு வேலை இல்லை.

உன் ட்ரூடி

---

ராக்கிங்ஹாம்
15 செப்டம்பர் 2020

அன்புள்ள பிப்,

நீயும் அம்மாவும் நலமா? நான் இன்று கொஞ்சம் நலம். அது பொய் இல்லை.

நாய் பெயர் கிரேவி. ஜோ அக்கா ரொம்ப நல்லவர்.

முதல் கேள்விக்கு மூன்று நாள் யோசித்தேன். அதுவரை அந்த நாற்பது நிமிஷத்தை நினைக்கவே பயந்து ஓடிக்கொண்டிருந்தேன். நீ கேட்டதால் உட்கார்ந்து நினைத்துப் பார்த்தேன். இல்லை, பிப். யாரும் ஹாரன் அடிக்கவில்லை. ஏழு பேரும் என்ஜினை அணைத்துவிட்டுச் சும்மா இருந்தார்கள். ரேடியோவில் ஒருவன் மட்டும், "நாங்க இங்கதான் இருக்கோம்டா" என்றான். நெவ்விடம் கேட்டேன். "நாந்தாண்டா அது. மூணாவது லாரி" என்றான். மூன்று மாதமாக ஒரே முற்றத்தில் இருக்கிறோம், சொல்லவே இல்லை.

அக்டோபர் இரண்டு, வெள்ளிக்கிழமைக்கு டிக்கெட் போட்டிருக்கிறேன். ஏறுவேன் என்று சத்தியம் செய்ய மாட்டேன். என் பாம்புத் தாளைப் பெட்டியில் போடாதே. வேறு எழுதுகிறேன்.

அப்பா

---

பெங்குயின்
3 அக்டோபர் 2020

முப்பத்தைந்து வயது பிப்புக்கு,

நலமாக இருக்கிறாயா, மகளே? உன் காலத்தில் யாரும் யாரையும் இப்படிப் பிரித்து வைக்கவில்லை என்று நம்புகிறேன். பெட்டியை மூடும் முன் எழுதும் கடைசிக் காகிதம் இது. உள்ளே மண் ஏன் இல்லை என்று தேடுவாய், அதனால் எழுதுகிறேன்.

நேற்று விமானத்திலிருந்து எல்லாரும் இறங்கிவிட்டார்கள். உன் அப்பா இல்லை. நீ என் கையைப் பிடித்த பிடியில் விரல் மரத்துப்போயிற்று. இன்னொரு நாள் வந்து நிற்க வேண்டியதுதான் என்று நான் மனசைத் திடப்படுத்திக்கொண்டபோது, கடைசி ஆளாக, முகக்கவசமும் தாடியுமாக வந்தார். அரை ஆளாகியிருந்தார். சோதனை நாய் நேரே போய் அவருடைய பூட்ஸ் பக்கத்தில் உட்கார்ந்தது. அந்தப் பெண் அதிகாரி பூட்ஸை வாங்கி, அடியில் மிஞ்சி ஒட்டியிருந்த சிவப்பையெல்லாம் தேய்த்துக் கழுவினார். நீ தடுப்புக்கு இந்தப் பக்கத்திலிருந்து, "ஒரு ஸ்பூன்கூட வச்சுக்கக் கூடாதா?" என்றாய். "கூடாதுடா கண்ணு, எங்கப்பா கொண்டு வந்தாலும் கூடாது" என்றார் அவர். ஆகவே உனக்கு மிஞ்சியது மே மாதக் கடிதத்தின் பெருவிரல் ரேகை மட்டும். அதைக் கழுவ யாரையும் விடாதே.

டீச்சர் தாளில் மூவரும் அடித்துத் திருத்தியிருக்கிறோம். என் ரொட்டி அடுப்பு போய், நான் சொன்ன "போயிட்டு வா" அங்கே இருக்கிறது. அப்பா எழுதியது: 'நான் இல்லாமலே நீங்கள் இருவரும் பழகிவிடுவீர்களோ என்று. பிறகு லாரி. பிறகு விமானம். பாம்புக்கும் கொஞ்சம்.' நீ எழுதியதை நீயே படித்துக்கொள்.

வழியெல்லாம் நான்தான் கார் ஓட்டினேன். ஊர் எல்லை வந்ததும், "கடைசி அர மைல் நான் ஓட்டிப் பாக்கட்டா?" என்றார். வேண்டாம் என்று வாய்வரை வந்தது. மாறி உட்கார்ந்தோம். ரயில் பாதை வரை நன்றாகத்தான் ஓட்டினார். அங்கே நிறுத்தினார். ரயில் ஏதும் இல்லை. பாதை காலியாக இருந்தது. கால் எழவில்லை. கழுத்தெல்லாம் வியர்வை. நான் அவர் முழங்கால் மேல் கை வைத்தேன். எனக்கும் பயம்தான்.

நீ பின் இருக்கையில் மண்டியிட்டுப் பின்கண்ணாடி வழியாகப் பார்த்து, நமக்குப் பின்னால் வந்து நின்ற கார்களை எண்ணிக்கொண்டிருந்தாய். "ரெண்டு காருப்பா. அடிக்கல... மூணு. அடிக்கல... நாலு. கொலீன் ஆன்ட்டிப்பா, கையாட்டுறாங்க."

ஐந்தாவதாக வந்தவன் வெளியூர்க்காரன் போலிருக்கிறது. நீளமாக ஒரு ஹாரன் அடித்தான். அப்பாவின் தோள் தூக்கிப்போட்டது. நீ பக்கக் கண்ணாடியை இறக்கி, இடுப்புவரை வெளியே நீட்டி, தெருவே கேட்கும்படி கத்தினாய்:

"பொறுங்க! எங்கப்பா வீட்டுக்கு வந்துக்கிட்டிருக்காரு!"

அவன் அதற்குப் பிறகு அடிக்கவில்லை. எவ்வளவு நேரம் ஆனது என்று நான் கடிகாரம் பார்க்கவில்லை. பிறகு கார் நகர்ந்தது.

என்றும் உன் நலம் நாடும்,
அம்மா